உலகச் சந்தையில் ஒரு கோசு

மேல்நிலை முதலாம் ஆண்டு, வணிகவியல் பிரிவு மாணவி



சென்ற ஆண்டு தை மாதம் நம் விடுதியில் நடந்ததை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். திங்கட்கிழமை கோசுப் பொரியல். செவ்வாய்க்கிழமை கோசுக் கூட்டு. புதன்கிழமை கோசு போட்ட சாம்பார். வியாழக்கிழமை மறுபடியும் பொரியல். "இது விடுதியா, கோசுத் தோட்டமா?" என்று ஒருத்தி கேட்க, வரிசை முழுவதும் கொல்லென்று சிரித்தது. வீட்டிலிருந்து சாப்பாடு கொண்டுவந்து விடுதித் தோழியருடன் உட்கார்ந்து உண்ணும் நானும் சேர்ந்து சிரித்தேன். நான் சிரித்திருக்கக் கூடாது என்பது பின்னால்தான் தெரிந்தது. அந்தக் கதையைக் கட்டுரையின் முடிவில் சொல்கிறேன்.

அதே வாரத்தில் வணிகவியல் ஆசிரியை, "உங்கள் வீட்டு அடுக்களையில் உள்ள ஏதேனும் ஒரு பொருளை எடுத்துக்கொள்ளுங்கள். உலகில் அது எங்கே விளைகிறது, யார் வாங்குகிறார்கள், விலை எப்படி ஏறி இறங்குகிறது என்று எழுதிக் கொண்டு வாருங்கள்" என்று பணித்தார்கள். ஒருத்தி மிளகையும், ஒருத்தி தேயிலையையும் எடுத்துக்கொண்டாள். நான் விளையாட்டாக, "முட்டைக்கோசு" என்று சொல்லிவிட்டேன். விளையாட்டாகத் தொடங்கியது வினையாக முடியவில்லை. நல்ல பாடமாகவே முடிந்தது. அந்தப் பாடத்தை உங்களுடன் பகிர்ந்துகொள்ளவே இக்கட்டுரை.

ஒரே குடும்பத்துப் பிள்ளைகள்

முட்டைக்கோசு, காலிஃப்ளவர் எனும் பூக்கோசு, ப்ரோக்கோலி, நூல்கோல், சின்னஞ்சிறு உருண்டைகளாகக் காய்க்கும் களைக்கோசு ஆகிய இவை யாவும் தனித்தனிச் செடிகள் என்றுதான் நான் எண்ணியிருந்தேன். தாவரவியல் படிக்கும் தோழி ஒருத்தி என் எண்ணத்தைத் திருத்தினாள். இவை அனைத்தும் ஒரே இனம். ஐரோப்பாவின் கடலோரப் பாறைகளில் முளைத்த ஒரு காட்டுச் செடியிலிருந்து, பல நூற்றாண்டுகளாக உழவர்கள் தங்களுக்குப் பிடித்த உறுப்பு பெருத்திருக்கும் செடிகளையே விதைக்குத் தெரிந்தெடுத்து வளர்த்ததால் இத்தனை உருவங்கள் தோன்றின. நுனி மொட்டுப் பெருத்தது முட்டைக்கோசு ஆயிற்று. பூங்கொத்துப் பெருத்தது பூக்கோசும் ப்ரோக்கோலியும் ஆயிற்று. தண்டு பெருத்தது நூல்கோல். பக்க மொட்டுகள் பெருத்தது களைக்கோசு. முள்ளங்கியும் கடுகும் இவற்றுக்குப் பெரியப்பா, சித்தப்பா வீட்டுப் பிள்ளைகள்.

இக்குடும்பத்திற்குத் தாவரவியலார் முற்காலத்தில் இட்ட பெயருக்குச் 'சிலுவை தாங்கியவை' என்பது பொருள். பூவின் நான்கு இதழ்களும் சிலுவை வடிவில் அமைந்திருப்பதே காரணம். முள்ளங்கிப் பூவைப் பறித்துப் பாருங்கள், உண்மை விளங்கும். ஆனால் நம் ஊர் வெயிலில் முட்டைக்கோசின் பூவைக் காண்பது அரிது. நன்கு குளிர்ந்தால்தான் அது பூக்கும். பூக்காத செடி விதை தருமா? தராது. இந்தச் சிறு செய்தி பின்னால் நமக்குப் பயன்படும். நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

இதன் பெயரிலும் ஒரு பயணக் கதை உண்டு. இலங்கைத் தமிழர் இதைக் 'கோவா' என்பர். போர்த்துக்கீசிய மொழியில் கோசுக்கு வழங்கும் 'கோவே' என்ற சொல்லே அங்கு அவ்வாறு தங்கிவிட்டது. நம் தமிழகத்திலோ 1819-இல் நீலகிரி மலை ஏறிய கோயம்புத்தூர் ஆட்சித்தலைவர் ஜான் சல்லிவன், உதகையில் வீடு கட்டிக் குடியேறி, ஐரோப்பியக் காய்கறிகளையும் அங்கே பயிரிடச் செய்தார். அதனால்தான் கோசு, காரட், பீட்ரூட் முதலியவற்றை இன்றும் 'இங்கிலீஷ் காய்' என்று சொல்லுகிறோம். வந்து இருநூறு ஆண்டுகள் ஆன பின்னும் விருந்தாளிப் பெயர் போகவில்லை!

உலகில் யார் விளைவிக்கிறார்கள்?

உலகம் முழுவதும் ஓர் ஆண்டில் ஏறத்தாழ 7 கோடி டன் முட்டைக்கோசு விளைகிறது. இதில் சீனக் கோசு முதலிய உறவினர்களும் அடக்கம். இந்த 7 கோடியில் ஏறத்தாழப் பாதி சீனாவில் மட்டுமே விளைகிறது. இரண்டாம் இடம் யாருக்கு என்று நினைக்கிறீர்கள்? நம் இந்தியாவுக்குத்தான். ஆண்டுக்கு 90 இலட்சம் டன்னுக்கு மேல் விளைவிக்கிறோம். பூக்கோசிலும் ப்ரோக்கோலியிலும் உலக விளைச்சல் ஏறத்தாழ இரண்டரைக் கோடி டன். அதில் சீனாவும் இந்தியாவும் சேர்ந்து ஏறத்தாழ எழுபது விழுக்காடு. நம் நாட்டில் மேற்கு வங்காளம் கோசு விளைச்சலில் முன்னணியில் நிற்கிறது. தமிழகத்தில் நீலகிரி, கொடைக்கானல் மலைகளும், ஈரோடு மாவட்டத் தாளவாடி மலைப்பகுதியும், ஓசூர்ப் பகுதியும் பேர்போனவை.

இவ்வளவு விளைகிறதே, கப்பல் கப்பலாக ஏற்றுமதி ஆகும் என்றுதான் நான் எழுதத் தொடங்கினேன். ஆசிரியை என் தாளைப் பார்த்துப் புன்னகைத்து, "ஒரு கிலோ மிளகின் விலை என்ன? ஒரு கிலோ கோசின் விலை என்ன? இரண்டுக்கும் லாரி வாடகை வேறு வேறா?" என்று கேட்டார்கள். அப்போதுதான் எனக்குப் பொறி தட்டியது.

ஏன் கப்பல் ஏறுவதில்லை?

கோசின் எடையில் நூற்றுக்குத் தொண்ணூற்றிரண்டு பங்கு தண்ணீர். ஆக, ஒரு லாரி கோசு என்பது பெரும்பாலும் ஒரு லாரித் தண்ணீர்தான்! எடை அதிகம், விலை குறைவு, ஆயுளோ குறுகியது. இம்மூன்றையும் மனத்தில் கொண்டால் கோசுச் சந்தையின் மர்மம் முழுவதும் விளங்கிவிடும்.

மிளகு மூடையை ஓராண்டு வைத்து விற்கலாம். விலை வராவிட்டால் காத்திருக்கலாம். கோசைக் காத்திருக்க வைக்க முடியாது. உறைநிலையை ஒட்டிய குளிரும் நல்ல ஈரப்பதமும் உள்ள கிடங்கில் வைத்தால் சில வகைக் கோசுகள் மாதக் கணக்கில் தாங்கும். நம் வெயிலிலோ சில நாட்கள்தான். நம் நாட்டுக் குளிர்பதனக் கிடங்குகளில் பெரும்பகுதி உருளைக்கிழங்குக்கே ஒதுக்கப்பட்டிருக்கிறது. "கத்தரிக்காய் முற்றினால் கடைத்தெருவுக்கு வந்துதானே ஆகவேண்டும்" என்னும் பழமொழி கோசுக்கும் பொருந்தும்.

எனவே உலகக் கோசில் பெரும்பகுதி விளைந்த நாட்டிலேயே உண்ணப்படுகிறது. நாடு விட்டு நாடு போவது சிறு பங்கே. அப்படிப் போவதும் பெரும்பாலும் பக்கத்து நாட்டுக்குத்தான். ஸ்பெயின் நாட்டுப் பூக்கோசும் ப்ரோக்கோலியும் குளிர்சாதன லாரிகளில் ஏறி இங்கிலாந்துக்கும் ஜெர்மனிக்கும் செல்கின்றன. மெக்சிகோவின் ப்ரோக்கோலி அமெரிக்காவுக்குச் செல்கிறது. நம் தென்மாவட்டக் காய்கறிகளும் திருவனந்தபுரத்திலிருந்து விமானம் ஏறி வளைகுடா நாடுகளில் வேலை செய்யும் நம்மவர் சமையலறைக்குச் செல்வதுண்டு. ஆயினும் மொத்த விளைச்சலோடு ஒப்பிட்டால் இவையெல்லாம் கடலில் கரைத்த பெருங்காயமே.

பச்சையாகப் போக முடியாத கோசு ஊறுகாயாகப் போகும். ஜெர்மானியர் கோசை நறுக்கி உப்பிட்டுப் புளிக்கவைத்து 'சார்க்ராட்' செய்வர். 1768-இல் புறப்பட்ட கப்பல் தலைவர் ஜேம்ஸ் குக், மாலுமிகளை ஸ்கர்வி நோய் தாக்காதிருக்க இந்தப் புளித்த கோசைப் பீப்பாய்களில் ஏற்றிச் சென்றார். வைட்டமின் சி என்ற பெயரே அன்று உலகுக்குத் தெரியாது!

மலையிலிருந்து நம் தெருவுக்கு

இனி நம் ஊருக்கு வருவோம். குத்துக்கல்வலசையில் வயல் உண்டு, தென்னை உண்டு. நம் தட்டுக்கு வரும் கோசு மட்டும் வெளியூர்ச் சரக்கு. நீலகிரியில் அறுத்த கோசு மேட்டுப்பாளையம் மண்டிகளுக்கு இறங்குகிறது. கொடைக்கானல் மலைக் காய்கள் ஒட்டன்சத்திரம் சந்தைக்கு வருகின்றன. அங்கிருந்து லாரியில் நம் பாவூர்சத்திரம் காய்கறிச் சந்தைக்கு வந்து, சிறு வியாபாரிகள் கைக்கு மாறி, நம் தெருமுனைக் கடைகளுக்கு வருகிறது. பாவூர்சத்திரத்திலிருந்து செங்கோட்டை, புளியரை வழியாகக் கேரளத்துக்கும் லாரிகள் போகின்றன. ஓணம் நெருங்கினால் நம் ஊர்க் காய்கறி விலை ஏறுவதன் காரணம் இதுவே. குற்றாலத்தில் சாரல் பருவம் வந்தாலும், ஐயப்பன் மாலை போட்ட பக்தர்கள் கார்த்திகை, மார்கழியில் வந்து குவிந்தாலும் உணவுக் கடைகள் நிறைகின்றன. கோசும் பூக்கோசும் கூடுதலாக விலை போகின்றன.

இந்த வழியில் எத்தனை கைகள்! அறுப்போர், மூடை பிடிப்போர், சுமை ஏற்றுவோர், லாரிக்காரர், கமிஷன் கடைக்காரர், சில்லறை வியாபாரி. இத்தனை பேருக்கும் கூலி உண்டு. உழைத்தவர்க்குக் கூலி கொடுக்கத்தானே வேண்டும்! "இடையில் உள்ளவர்கள் எல்லாரும் கொள்ளை அடிக்கிறார்கள்" என்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம். கணக்குப் போட்டுப் பார்த்தால் வேறொன்று தெரிகிறது.

ஒரு கற்பனைக் கணக்கு

விளக்கத்துக்காக நானே வைத்துக்கொண்ட எண்கள் இவை. கடையில் ஒரு கிலோ கோசு 30 ரூபாய் என்று கொள்வோம். அறுப்புக் கூலிக்கும் சாக்குக்கும் 3 ரூபாய். ஏற்றுகூலி, லாரி வாடகை 6 ரூபாய். சந்தைச் செலவும் கமிஷனும் 3 ரூபாய். மேல் இலை உரித்ததிலும் அழுகியதிலும் போன கழிவு, கடைக்காரர் வருமானம் இரண்டுக்குமாக 6 ரூபாய். ஆக 18 ரூபாய் வழிச்செலவு. மீதி 12 ரூபாய் உழவருக்கு. நாற்று, உரம், மருந்து, தண்ணீர், கூலி என்று கிலோவுக்கு 8 ரூபாய் அவர் செலவழித்திருந்தால், 4 ரூபாய் இலாபம். நன்று.

இப்போது விலை இறங்கிக் கடையில் 20 ரூபாய் ஆகிறது. லாரிக்காரர் டீசலுக்குப் பாதி விலை கொடுப்பாரா? சுமை தூக்குபவர் முதுகில் ஏறும் பாரம் குறைந்துவிடுமா? வழிச்செலவு ஏறக்குறைய அதே 18 ரூபாய்தான். உழவருக்கு மிஞ்சுவது 2 ரூபாய். வாங்கும் நமக்கு விலை மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. விளைவித்தவருக்கோ ஆறில் ஐந்து பங்கு குறைந்துவிட்டது! இன்னும் 2 ரூபாய் இறங்கினால் அவருக்கு மிஞ்சுவது சுழியம். அப்போது அறுக்கிற கூலிகூட நட்டம். எனவேதான் சில ஆண்டுகளில் கோசு வயலை அப்படியே டிராக்டர் வைத்து உழுதுவிட்டார்கள், மாடுகளை மேயவிட்டார்கள் என்று செய்தித்தாளில் படிக்கிறோம். "உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்குகூட மிஞ்சாது" என்று நம் முன்னோர் சொன்னது வெறும் சலிப்பன்று, அது கணக்கே.

2020-இல் கொரோனா ஊரடங்கு வந்தபோது உணவகங்களும் திருமண மண்டபங்களும் மூடப்பட்டன. வியாபாரிகள் வயலுக்கு வரவில்லை. மலைப்பகுதிகளில் விளைந்த கோசு வயலிலேயே நின்றது. பசித்தவர் ஒரு பக்கம், வாங்க ஆளில்லாத காய்கறி மறுபக்கம். இடையில் உள்ள பாதை அடைபட்டால் என்ன ஆகும் என்பதை உலகம் முழுவதும் அன்று கண்டது.

சிலந்தி வலை

விலை ஏன் ஓராண்டு ஏறி மறு ஆண்டு விழுகிறது? இதற்குப் பொருளியலில் 'சிலந்தி வலைக் கோட்பாடு' என்று பெயர். ஹங்கேரியில் பிறந்து இங்கிலாந்தில் வாழ்ந்த பொருளியல் அறிஞர் நிக்கோலஸ் கால்டார் 1934-இல் இப்பெயரை இட்டார். நமது எண்களைக் கொண்டே பார்ப்போம்.

மழையால் விளைச்சல் குறைந்து கடை விலை 40 ரூபாய் ஆயிற்று என்க. வழிச்செலவு 18 போக உழவருக்கு 22 ரூபாய். செலவு 8 போக 14 ரூபாய் இலாபம்! அக்கம்பக்கத்தார் எல்லாரும் அதைப் பார்க்கிறார்கள். "இந்த முறை நாமும் கோசு போடுவோம்" என்று ஒவ்வொருவரும் தனித்தனியே முடிவு செய்கிறார்கள். ஒருவர் முடிவு மற்றவருக்குத் தெரியாது. நாற்று விட்டு மூன்று நான்கு மாதத்தில் எல்லாருடைய கோசும் ஒரே நேரத்தில் சந்தைக்கு வருகிறது. விலை சரிகிறது. நொந்துபோன உழவர்கள் அடுத்த பருவத்தில் வேறு பயிருக்கு மாறுகிறார்கள். கோசு குறைகிறது, விலை மீண்டும் ஏறுகிறது. வரைபடத்தில் இந்த ஏற்ற இறக்கத்தைக் கோடு போட்டு இணைத்தால் சிலந்தி வலை போன்ற உருவம் கிடைக்கும். வலையில் சிக்கும் பூச்சி யார் என்பதை நான் சொல்லவேண்டியதில்லை.

இது நம் நாட்டு உழவரின் அறியாமை என்று எண்ணிவிடாதீர்கள். உலகமெங்கும் இதே கதைதான். 1989-ஆம் ஆண்டு இலையுதிர் காலத்தில் சீனாவில் கோசு அளவுக்கு மீறி விளைந்தது. பீக்கிங் நகரத் தெருக்களில் மலை மலையாகக் குவிந்தது. மிஞ்சிய கோசை வாங்குவது நாட்டுப்பற்று என்று அரசே மக்களைத் தூண்டியது. அதற்கு 'தேசபக்திக் கோசு' என்ற பெயரும் வந்தது!

தென் கொரியாவில் நேர்மாறானது நடந்தது. கொரியருக்குக் 'கிம்ச்சி' எனும் புளித்த கோசு இல்லாமல் சோறு இறங்காது. குளிர்காலத்துக்கு முன் குடும்பத்தார் கூடிக் கிம்ச்சி போடும் வழக்கத்தை 2013-இல் யுனெஸ்கோ மானிட மரபுச் செல்வப் பட்டியலில் சேர்த்தது. 2010-இல் மழை மிகுந்து கோசு அழிந்து விலை பன்மடங்கு உயர, மக்கள் திகைத்தார்கள். அரசு இறக்குமதி வரியைத் தற்காலிகமாக நீக்கிச் சீனக் கோசை வரவழைத்தது. தலைநகரான சியோல் மாநகராட்சி தானே விலையில் ஒரு பகுதியை ஏற்றுக் கோசு விற்றது. 2024-இல் கடும் வெப்பத்தால் அங்குள்ள மலைப்பகுதிக் கோசு வாட, மீண்டும் சீனாவிலிருந்து கோசு வந்தது. கொரியாவின் குளிர்ந்த மலைகளே சூடேறினால் நம் நீலகிரிக்கும் கொடைக்கானலுக்கும் அது எச்சரிக்கை அன்றோ?

விதை வழியே வரும் உலகம்

கோசு கப்பல் ஏறாவிட்டாலும் உலகச் சந்தை நம் வயலுக்குள் வராமல் இல்லை. எதன் வழியாக? விதையின் வழியாக! கோசு குளிரில்தான் பூக்கும் என்று முன்பு சொன்னேனே, நினைவிருக்கிறதா? நம் சமவெளி உழவர் தன் வயலிலேயே விதை எடுத்து அடுத்த ஆண்டுக்கு வைத்துக்கொள்ள முடியாது. இமயமலைச் சாரலில் குலு பள்ளத்தாக்கின் கட்ரெய்ன் என்னும் ஊரில், இந்திய வேளாண் ஆராய்ச்சிக் கழகத்தின் நிலையம் இத்தகைய குளிர்நாட்டுக் காய்கறிகளின் வகைகளையும் விதைகளையும் உருவாக்கி வருகிறது. ஜப்பான் முதலிய நாட்டு விதைக் கம்பெனிகள் வெப்பம் தாங்கும் கலப்பின விதைகளைத் தந்தன. அவற்றால்தான் மலைக்கு மட்டும் உரிய கோசு சமவெளிக்கும் இறங்கியது. ஆனால் கலப்பின விதையை ஒவ்வொரு முறையும் புதிதாக விலை கொடுத்தே வாங்கவேண்டும். ஆக, காய் விற்கும் சந்தை உள்ளூர்ச் சந்தை. விதை வாங்கும் சந்தை உலகச் சந்தை.

பூச்சியின் கதையும் அப்படியே. வைரமுதுகு அந்துப்பூச்சி உலகம் முழுவதும் கோசைத் தாக்கும் பகைவன். மருந்தடித்து மருந்தடித்து, பல மருந்துகளுக்கு அது அஞ்சாததாகிவிட்டது. பெங்களூருக்கு அருகிலுள்ள இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையத்தார் ஓர் எளிய வழி கண்டார்கள். கோசு 25 வரிசைக்கு 2 வரிசை கடுகு விதைத்தால், அந்துப்பூச்சி கடுகைத் தேடிப் போய் முட்டையிடும். சித்தப்பா வீட்டுப் பிள்ளை பகையைத் தன்மேல் வாங்கிக்கொண்டு கோசைக் காக்கிறது! மருந்துச் செலவும் குறையும். நம் தட்டில் நஞ்சும் குறையும்.

சுவையும் உலகம் சுற்றுகிறது. 1920-களில் அமெரிக்காவில் குடியேறிய இத்தாலியச் சகோதரர்கள் கலிபோர்னியாவில் விளைந்த ப்ரோக்கோலியைப் பனிக்கட்டியில் அடுக்கி ரயிலில் அமெரிக்காவின் மறுகரைக்கு அனுப்பினார்கள். 1992-இல் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக அறிஞர்கள் ப்ரோக்கோலியில் உள்ள 'சல்ஃபோரஃபேன்' என்ற பொருளைப் பற்றி வெளியிட்ட ஆய்வு அதன் புகழை மேலும் உயர்த்தியது. இன்று நீலகிரியிலும் ப்ரோக்கோலியும் சிவப்புக் கோசும் பெரிய ஓட்டல்களுக்காக விளைகின்றன. நம் தெருவோரக் கடைகளிலோ பூக்கோசு 'கோபி மஞ்சூரியன்' ஆகிச் சிவந்து நிற்கிறது. அந்தச் சிவப்பு எதனால் வந்தது என்று கேட்டு உண்ணுங்கள். சாயப்பொடி கலப்பதை அறிந்து, கர்நாடக அரசு 2024 மார்ச்சில் கோபி மஞ்சூரியனில் செயற்கை நிறமூட்டிகளுக்குத் தடை விதித்தது.

வழி என்ன?

விலை விழும்போது உழவரைத் தாங்கிப் பிடிக்க ஒரு கை வேண்டும். புளியரைக்கு அப்பால் உள்ள கேரள அரசு 2020 நவம்பர் 1 முதல் 16 வகை விளைபொருள்களுக்கு அடிப்படை விலை அறிவித்தது. கோசுக்குக் கிலோ 11 ரூபாய். விளைவிக்கும் செலவோடு இருபது விழுக்காடு சேர்த்து விலை வகுப்பது அதன் நோக்கம். நம் மாநிலத்தில் 1999 நவம்பரில் மதுரையில் தொடங்கிய உழவர் சந்தைத் திட்டம், விளைவித்தவரே நேரில் விற்க வழி செய்தது. நமது கற்பனைக் கணக்கில் கண்ட 18 ரூபாய் வழிச்செலவில் ஒரு பகுதியேனும் இதனால் குறையும் அல்லவா? இவற்றோடு, யார் எவ்வளவு பயிரிட்டிருக்கிறார்கள் என்ற செய்தி முன்கூட்டியே உழவருக்குக் கிடைத்தால் சிலந்தி வலையின் இழைகள் சில அறும். இன்று கைப்பேசி இல்லாத வீடு இல்லை. வணிகவியலும் கணினியும் படிக்கும் நம்மில் ஒருத்தி நாளை இதைச் செய்யலாம்.

வீட்டில் நாம் செய்யக்கூடியதும் உண்டு. கோசு மலிந்த வாரத்தில் கூடுதலாக வாங்கலாம். நடுத்தண்டைத் தூக்கி எறியாமல் பொடியாக நறுக்கிக் கூட்டில் சேர்க்கலாம். பூக்கோசின் இளந்தண்டும் இலையும் துவையலுக்கு ஆகும். உப்பு மிளகாய்ப் பொடி தடவி ஊறவைத்தால் நம் வீட்டிலும் ஒரு 'கிம்ச்சி' பிறக்கும்!

சிரித்ததற்கு ஒரு கணக்கு

இனி, முதலில் வாக்களித்த கதை.

என் ஆச்சி எங்கள் தெருமுனையில் காய்கறி விற்கிறார். என் நோட்டுப் புத்தகச் செலவும் சீருடைத் தையற்கூலியும் அந்தக் கடையிலிருந்துதான். இந்தக் கட்டுரைக்காக விலை விவரம் எடுக்க ஆச்சியின் கணக்கு நோட்டைப் புரட்டினேன். சென்ற ஆண்டு மார்கழியில் மூன்று வாரம் கோசு விலை ஏறியபடி இருந்திருக்கிறது. அதை நம்பி, தை பிறந்ததும் ஆச்சி ஒரு கமிஷன் கடையில் கடன் சொல்லி மூன்று மூடை எடுத்திருக்கிறார். மறுநாள் நாலா பக்கத்திலிருந்தும் லாரிகள் வந்து இறங்கின. விலை பாதியாயிற்று. ஏடு பார்த்து நான் படித்த சிலந்தி வலை, எங்கள் வீட்டுத் திண்ணையிலேயே பின்னப்பட்டிருக்கிறது! திண்ணையில் மூடைகள் கிடந்ததும், ஒருநாள் அவற்றில் இரண்டைக் காணாததும் எனக்கு நினைவிருந்தது. கல்யாண வீட்டுக்குப் போயிருக்கும் என்று அப்போது எண்ணிக்கொண்டேன். நோட்டிலோ, "மடம், 2 மூடை" என்று எழுதியிருந்தது.

"ஆச்சி, இது என்ன?" என்று கேட்டேன்.

"அந்தப் பக்கமாப் போன சிஸ்டரம்மா மூடையப் பாத்துட்டுக் கேட்டாகட்டி. நான் ஒண்ணும் கேக்கல. விடுதிக்கு வேணும்னாக. நான் வாங்கின வெலையே தாறேன்னாக. சந்தையில பாதி வெலைக்குக் கெடக்கும்போது முழு வெலை வாங்கினா நல்லாவா இருக்கும்? ரெண்டுக்கும் நடுவுல ஒரு வெல போட்டுக்கிட்டோம்."

"என்கிட்டச் சொல்லவே இல்லையே?"

"ஒங்கூடப் படிக்கிற பிள்ளைக முன்னால ஒனக்குக் கூச்சமா இருக்கும்னுதான்" என்று சொல்லிவிட்டு, ஆச்சி வெண்டைக்காயைத் தரம் பிரிக்கத் தொடங்கினார்.

நான் விடுதிப் பொறுப்பாளர் சிஸ்டரிடம் சென்று நன்றி சொன்னேன். "நன்றியா? உங்கள் ஆச்சிதான் எங்களுக்கு விலை குறைத்தார்கள்" என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். நடுவில் போட்ட அந்த விலையால் ஆச்சிக்கும் சிறிது நட்டம். விடுதிக்கும் சிறிது கூடுதல் செலவு. முழு நட்டமும் ஒருவர் தலையில் விழாமல் இருவரும் பகிர்ந்துகொண்டார்கள். கமிஷன் கடைக் கடனும் பங்குனிக்குள் அடைந்துவிட்டது. உலகெங்கும் அரசுகள் அடிப்படை விலை என்றும் மானியம் என்றும் வரிச்சலுகை என்றும் செய்ய முயல்வதும் இதைத்தான் அல்லவா?

ஆகவே தோழியரே, அடுத்த முறை விடுதியில் தொடர்ந்து நான்கு நாள் கோசு வந்தால், முணுமுணுக்கும் முன் சற்று எண்ணிப் பாருங்கள். எங்கோ ஒரு மலைச்சரிவில் விலை விழுந்திருக்கலாம். எங்கோ ஒரு திண்ணையில் மூடை கிடக்கலாம். நான் இப்போது தட்டில் ஒரு நறுக்கும் மீதி வைப்பதில்லை. பொரியலில் உப்புக் குறைந்திருந்தால் மட்டும் தயங்காமல் சிஸ்டரிடம் சொல்லுங்கள். அதற்கு உலகச் சந்தை பொறுப்பன்று!